‘நிறுத்து’ என்று சொன்னவர்கள்

கொல்கத்தாத் தமிழர் கூட்டமொன்றில் ஆற்றிய சொற்பொழிவு



அமெரிக்க விண்வெளி வீரர்களின் வாழ்க்கை, பயிற்சி, வரலாறு பற்றிப் பேசும்படி கேட்டிருந்தார்கள். இந்த ஊரில் அந்தத் தலைப்பை எடுப்பதில் ஒரு சின்னச் சங்கடம் இருக்கிறது. கொல்கத்தா முதன்முதலாகக் கண்ட விண்வெளி வீரர் ரஷ்யர். யூரி ககாரின் 1961 டிசம்பரில் இங்கே வந்தார். அதே ஆண்டில்தான் சத்யஜித் ராய் ‘சந்தேஷ்’ பத்திரிகையில் பேராசிரியர் ஷொங்குவைப் படைத்து, வேலைக்காரர், பூனை, இயந்திர மனிதன் சகிதம் ராக்கெட்டில் ஏற்றிச் செவ்வாய்க்கு அனுப்பிவைத்தார். அமெரிக்காவின் ஆலன் ஷெப்பர்ட் அந்த வருடம் மே 5ஆம் தேதி பதினைந்தே நிமிடம் மேலே போய்க் கடலில் இறங்கியதோடு சரி. வங்காளிகளின் கணக்கில் கல்கத்தாதான் முந்திக்கொண்டது.

நிலவுக்குப் போய்வந்த ஆர்ம்ஸ்ட்ராங், ஆல்ட்ரின், காலின்ஸ் மூவரும் 1969 அக்டோபரில் உலகச் சுற்றுப்பயணத்தின்போது பம்பாய் வந்தார்கள். அடுத்து அவர்கள் போன ஊர் டாக்கா. நடுவில் இருந்த கல்கத்தாவை விட்டுவிட்டார்கள். 1969இல் இந்த ஊர்த் தெருக்கள் எப்படி இருந்தன, சுவர்களில் அமெரிக்காவைப் பற்றி என்ன எழுதியிருந்தது என்று இங்குள்ள பெரியவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

ஆகவே அமெரிக்க வீரர்களைப் பற்றிப் பேச நான் பௌபஜாரிலிருந்து கிளம்பப் போகிறேன். மகேந்திரலால் சர்க்கார் 1876இல் தொடங்கிய அறிவியல் வளர்ச்சிச் சங்கம் பௌபஜார் தெருவில்தான் இருந்தது. 1907இல் உதவி அக்கவுண்டன்ட் ஜெனரலாகக் கல்கத்தாவுக்கு மாற்றலாகி வந்த சி.வி. ராமன், ஆபீசுக்கு முன்னும் ஆபீசுக்குப் பின்னும் அங்கே போய் ஆராய்ச்சி செய்தார். 1928 பிப்ரவரி 28இல் அவர் பெயர் சொல்லும் விளைவு அங்கேதான் கண்டுபிடிக்கப்பட்டது. உடனிருந்து உழைத்தவர் வத்திராயிருப்பு கே.எஸ். கிருஷ்ணன். அந்தக் கோடையில், சென்னை மாநிலக் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்த ஒரு பையன் விடுமுறைக்குச் சித்தப்பா ராமனின் ஆய்வுக்கூடத்துக்கு வந்தான். வயது பதினேழு. பெயர் சந்திரசேகர்.

இரண்டு வருடம் கழித்து அவர் இங்கிலாந்துக்குக் கப்பல் ஏறினார். எரிந்து முடிந்த பிறகு மிஞ்சும் நிறை சூரியனைப் போல ஏறத்தாழ 1.4 மடங்குக்கு மேல் இருந்தால் அந்த நட்சத்திரம் வெள்ளைக் குள்ளனாக நிலைத்திருக்க முடியாது, மேலும் சுருங்கித்தான் தீரும் என்று கணக்குப் போட்டார். 1983இல் நோபல் பரிசு. 1995இல் மறைந்தார். அப்படிச் சுருங்கிய நட்சத்திரங்களும் கருந்துளைகளைச் சுற்றிய வாயுவும் எக்ஸ் கதிர்களை வீசுகின்றன. அந்தக் கதிர்கள் நம் காற்று மண்டலத்தைத் தாண்டி உள்ளே வராது. எனவே தொலைநோக்கியை மேலே அனுப்ப வேண்டும். நாசா அனுப்பிய தொலைநோக்கிக்குச் சந்திரா என்று பெயர். அதைச் சுமந்துபோன விண்வெளி ஷட்டில் கொலம்பியா. ஓட்டிப்போனவர் ஐலீன் காலின்ஸ், ஒரு ஷட்டிலுக்குத் தலைமை ஏற்ற முதல் பெண்.

இந்த ஒரு பயணத்தைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன். விண்வெளி வீரர் என்ற வேலை உண்மையில் எப்படிப்பட்டது என்பது இதற்குள் முழுக்க அடங்கியிருக்கிறது.

1999 ஜூலை 20, நள்ளிரவு தாண்டிய நேரம், ஃப்ளோரிடா. ஐந்து பேர் ஷட்டிலுக்குள் கட்டப்பட்டு மல்லாந்து படுத்திருக்கிறார்கள். எண்ணிக்கை இறங்கிக்கொண்டே வருகிறது. கிளம்ப ஏழு நொடி இருக்கும்போது, ஓஸி ஃபிஷ் என்ற பொறியாளரின் திரையில் ஹைட்ரஜன் வாயுவின் அளவு திடீரென்று ஏறியது. எஞ்சின் அறைக்குள் ஹைட்ரஜன் கசிந்தால் வெடிக்கும். அவர் நிறுத்தச் சொன்னார். எஞ்சின்கள் பற்றிக்கொள்ள அரை நொடிக்கும் குறைவாகவே இருந்தது. எல்லாம் நின்றது. பிறகு சோதித்துப் பார்த்தால் கசிவு எதுவும் இல்லை, காட்டிய அளவுதான் பிழை. நிலவில் மனிதன் இறங்கிய முப்பதாவது ஆண்டு நாள் அது. விருந்தினர்கள் வந்து உட்கார்ந்திருந்தார்கள். அத்தனை பேர் முன்னால், இல்லாத கசிவுக்காக ஒரு ராக்கெட்டை நிறுத்தினார் அந்த மனிதர். அவர் செய்தது சரி. அவர் முன்னால் இருந்த எண்ணை நம்பி அவர் வேறு எதுவும் செய்திருக்கக்கூடாது.

இரண்டாவது தடவை வானிலை கெடுத்தது. மூன்றாவது தடவை, ஜூலை 23 அதிகாலை, கிளம்பினார்கள். கிளம்பிய ஐந்தாவது நொடியில் ஒரு மின்கம்பியில் ஷார்ட் சர்க்யூட். ஒரு திருகாணியின் தலையில் உரசி உரசி உறை தேய்ந்திருந்த கம்பி அது. மூன்று எஞ்சின்களில் இரண்டை இயக்கும் கணினிகளில் ஆளுக்கு ஒன்று செத்துப்போனது. ஒவ்வொரு எஞ்சினுக்கும் இரண்டு கணினி வைத்திருந்ததால் மற்றது வேலையை எடுத்துக்கொண்டது. காலின்ஸ், வண்டி உருண்டு திரும்பிக்கொண்டிருக்கும்போதே, எரிபொருள் மின்கலம் எச்சரிக்கை காட்டுகிறது என்று வானொலியில் தெரிவித்தார். குரலில் பதற்றம் இல்லை.

அதே நேரத்தில் வலப்பக்க எஞ்சினில் இன்னொன்றும் நடந்துகொண்டிருந்தது. தங்கமுலாம் பூசிய சின்ன ஆணி ஒன்று கழன்று தெறித்து, கூம்பின் சுவரில் ஓடும் குளிர்விப்புக் குழாய்களில் மூன்றைக் கிழித்துவிட்டது. ஹைட்ரஜன் ஒழுகத் தொடங்கியது. அதாவது, இல்லாத கசிவுக்காக நிறுத்திய அதே கப்பலில் மூன்று நாள் கழித்து உண்மையிலேயே கசிவு! எட்டரை நிமிடம் அந்த எஞ்சின் தாக்குப்பிடித்தது. ஆக்சிஜன் சற்று முன்னதாகவே தீர்ந்து எஞ்சின்கள் அணைந்தபோது வேகம் நொடிக்குச் சுமார் நாலரை மீட்டர் குறைவு, அவ்வளவுதான். எஞ்சின் நடுவில் நின்றிருந்தால் கப்பலைத் திருப்பிக்கொண்டு ஃப்ளோரிடாவுக்கே வந்து இறங்க வேண்டியிருக்கும். அந்த வித்தையை சிமுலேட்டரில் எல்லாரும் பழகியிருந்தார்கள். நிஜத்தில் ஒருவரும் செய்ததில்லை.

ஏழு மணி நேரம் கழித்து, கேடி கோல்மன் என்ற வீராங்கனை சந்திராவை வெளியே விட்டார். ஊக்க ராக்கெட்டோடு சேர்த்து அதன் எடை ஏறத்தாழ 22,700 கிலோ, ஷட்டில் சுமந்த சுமைகளிலேயே மிகப் பெரியது. பூமியிலிருந்து மிகத் தள்ளிப் போகும்போது 1,39,000 கிலோமீட்டர் வரை போய்த் திரும்பும் சுற்றுப்பாதை. ஐந்து வருடம் உழைத்தால் போதும் என்று அனுப்பினார்கள், கால் நூற்றாண்டு தாண்டியும் உழைத்தது. கொலம்பியா தரையிறங்கியதும் எல்லா ஷட்டில்களையும் நிறுத்திவைத்துக் கம்பிகளை அங்குலம் அங்குலமாகச் சோதித்தார்கள்.

பௌபஜாருக்கு வந்த பையனின் பெயரை மேலே ஏற்றியதில் ஐந்து விண்வெளி வீரர்களின் பங்கு எவ்வளவோ அவ்வளவு பங்கு, ‘நிறுத்து’ என்று சொல்லத் துணிந்தவருக்கும் உண்டு என்பது என் கட்சி. இந்த உரை முழுக்க அந்த ஒரே கட்சிதான்.

சரி, இந்த ஆட்களை எங்கே பிடிக்கிறார்கள்?

முதல் எழுவரை 1959 ஏப்ரல் 9இல் வாஷிங்டனில் பத்திரிகைக்காரர்கள் முன்னால் உட்கார வைத்தார்கள். ராணுவ விமானிகளில் 508 பேரின் கோப்புகளைப் புரட்டி, வடிகட்டி, 32 பேரை மருத்துவச் சோதனைக்கு அனுப்பி, ஏழு பேரை எடுத்தார்கள். வயது நாற்பதுக்குள், உயரம் ஐந்தடி பதினோரு அங்குலத்துக்குள், பட்டப்படிப்பு, 1,500 மணி நேரம் பறந்த அனுபவம், எல்லாவற்றுக்கும் மேல் சோதனை விமானியாக இருந்திருக்க வேண்டும். கூண்டு சின்னது, அதனால் உயரக் கட்டுப்பாடு. சோதனை விமானிப் பள்ளிகளில் அப்போது பெண்களைச் சேர்க்கவில்லை, அதனால் பெண்களுக்கு இடமில்லை என்று வாயைத் திறந்து சொல்லத் தேவையே இருக்கவில்லை. அந்த எழுவரைச் சோதித்த அதே லவ்லேஸ் மருத்துவர், தனிப்பட்ட முறையில் பெண் விமானிகளையும் சோதித்தார். பதின்மூன்று பேர் தேறினார்கள். 1962இல் அமெரிக்க நாடாளுமன்றக் குழு முன்னால் அவர்களில் ஜெரி காப் போன்றோர் வழக்குரைத்தார்கள். எதிர்ச்சாட்சி சொன்னவர்களில் ஒருவர், பூமியைச் சுற்றிவிட்டு வந்த பெரும்புகழ் ஜான் க்ளென். நம் சமூக அமைப்பு அப்படி இருக்கிறது என்கிற தோரணையில் பேசிவிட்டுப் போனார். க்ளென் மேல் எனக்கு மிகுந்த மரியாதை உண்டு. அந்த ஒரு நாளுக்கு மட்டும் கிடையாது.

அடுத்த வருடமே ரஷ்யா வாலெந்தினா தெரஷ்கோவாவை அனுப்பியது. அமெரிக்காவின் சாலி ரைட் மேலே போக 1983 ஆயிற்று. 1978இல் எடுத்த 35 பேர் கொண்ட அணியில்தான் ஆறு பெண்களும் மூன்று கறுப்பினத்தவரும் ஆசிய வம்சாவளியினர் ஒருவரும் முதன்முதலாக நுழைந்தார்கள். 1995இல் காலின்ஸ் ஷட்டிலின் துணை ஓட்டுநராக முதன்முறை பறந்தபோது, அந்தப் பதின்மூவரில் ஏழு பேர் வந்து பார்த்தார்கள். எல்லாரும் கிழவிகளாகியிருந்தார்கள்.

இப்போது கதவு அகலம், கூட்டமும் அதிகம். 2017இல் 18,300 பேர் விண்ணப்பித்தார்கள், 12 பேரை எடுத்தார்கள். அந்தப் பன்னிருவரில் ஒருவர் ராஜா சாரி. தந்தை ஹைதராபாத்திலிருந்து படிக்கப் போன பொறியாளர், மகன் 2021 நவம்பரில் நால்வர் அணிக்குத் தலைவராகப் பன்னாட்டு விண்வெளி நிலையத்துக்குப் போய் 177 நாள் இருந்துவிட்டு வந்தார்.

சம்பளம் என்ன என்று நம்மவர்கள் கட்டாயம் கேட்பார்கள், கேட்கவும் வேண்டும். அரசாங்கச் சம்பளம்தான். நிலவுக்குப் போய்வந்த ஆல்ட்ரின் எழுதிக் கொடுத்த பயணப்படி ரசீது இன்றும் இருக்கிறது, மொத்தம் 33 டாலர் 31 சென்ட். சாப்பாடும் தங்குமிடமும் அரசாங்கம் கொடுத்ததால் வேறு படி கிடையாது. சந்திராவை விட்ட கோல்மன் பிறகு நிலையத்தில் ஐந்து மாதத்துக்கு மேல் இருந்தபோது, தினப்படியாக நாளுக்கு நாலு டாலர் சொச்சம் கிடைத்தது. ஓவர்டைம் கிடையாது. அக்கவுண்டன்ட் ஜெனரல் ஆபீசுக்காரர்கள் இங்கே யாராவது இருந்தால் ரசிப்பீர்கள்.

வாழ்க்கையும் அப்படித்தான், பெரும்பாலும் ஆபீஸ் வேலை. ஐம்பது வயதுக்குள் இரண்டு மூன்று முறை மேலே போனால் அதிர்ஷ்டசாலி. மற்ற நாளெல்லாம் படிப்பு, ஊர்ப் பயணம், அடுத்தவர் பயணத்துக்குக் கட்டுப்பாட்டு அறையில் உட்கார்ந்து பேசுவது. தேர்வானதும் இரண்டு வருடம் பாடம். ஹூஸ்டனில் ஒரு நீர்த்தொட்டி இருக்கிறது. 62 மீட்டர் நீளம், 12 மீட்டர் ஆழம், 2 கோடியே 35 லட்சம் லிட்டர் தண்ணீர். அதன் அடியில் விண்வெளி நிலையத்தின் மாதிரி கிடக்கிறது. நூறு கிலோவுக்கு மேல் கனக்கும் உடையை மாட்டி, மிதக்காமலும் மூழ்காமலும் எடை கட்டி, உள்ளே இறக்குவார்கள். ஆறு மணி நேரம் ஆணி முடுக்க வேண்டும். கையுறை காற்றழுத்தத்தில் விறைத்து நிற்பதால் ஒவ்வொரு பிடிக்கும் விரல் போராடும், நகம் கழன்றவர்கள் உண்டு. இதைத் தவிர ஜெட் விமானம் ஓட்டுவது, காட்டில் பிழைப்பது, ரஷ்ய மொழி, பல் பிடுங்குவது, கழிப்பறை ரிப்பேர். மேலே பிளம்பரைக் கூப்பிட முடியாது.

குடும்பத்தார் பாடு தனி. மைக் ஃபிங்க் என்ற வீரர், மனைவி வழியில் அசாம் மாப்பிள்ளை. 2004 ஜூனில் அவருக்குப் பெண் பிறந்தபோது அவர் நிலையத்தில் சுற்றிக்கொண்டிருந்தார், நாலு மாதம் கழித்துத்தான் குழந்தையைக் கையில் வாங்கினார். எடையற்ற நிலையில் எலும்பு மாதத்துக்கு ஒன்று ஒன்றரை சதவீதம் கரையும், தினம் இரண்டு மணி நேரம் உடற்பயிற்சி செய்தால்தான் திரும்பி வந்து நடக்கலாம். சுனிதா வில்லியம்ஸ் 2007இல் அங்கிருந்த ஓட்டப் பட்டையிலேயே பாஸ்டன் மாரத்தானை நாலரை மணி நேரத்துக்குள் ஓடி முடித்தார்.

ஆனால் பயிற்சியின் உயிர்நாடி இதெல்லாம் இல்லை, சிமுலேட்டர். வண்டியின் அச்சு மாதிரியான ஓர் அறைக்குள் வீரர்களை உட்கார வைப்பார்கள். கட்டுப்பாட்டு அறையில் உண்மையான ஆட்கள் உட்காருவார்கள். பின்னால் ஒரு சின்னக் கூட்டம் ஒளிந்துகொண்டு, இவர்களை எப்படிக் கவிழ்க்கலாம் என்று யோசித்துக் கோளாறுகளை ஒவ்வொன்றாகச் செருகும்.

1969 ஜூலை 5ஆம் தேதி, அப்போலோ 11 கிளம்பப் பதினொரு நாள் இருக்கும்போது, டிக் கூஸ் என்ற பயிற்சித் தலைவர் அப்படி ஒன்றைச் செருகினார். நிலவில் இறங்கிக்கொண்டிருக்கும்போது கணினி 1201 என்று ஓர் எச்சரிக்கை எண்ணைக் காட்டுகிறது. அப்படி ஓர் எண்ணை யாரும் கேள்விப்பட்டதில்லை. கணினிக்குப் பொறுப்பான ஸ்டீவ் பேல்ஸ், வயது இருபத்தாறு, திகைத்துப்போய் ‘நிறுத்து’ என்றார். இறங்குவது கைவிடப்பட்டது. ஒத்திகை முடிந்ததும் கூஸ் சொன்னார், நிறுத்தியது தவறு, கணினிக்கு வேலைப்பளு அதிகம் என்றுதான் அந்த எண் சொல்கிறது, வண்டி ஒழுங்காகத்தான் போய்க்கொண்டிருந்தது என்று. அன்றிரவே எல்லா எச்சரிக்கை எண்களையும் அலசும்படி உத்தரவு போயிற்று. ஜாக் கார்மன் என்ற இருபத்து நாலு வயதுப் பையன் ஒவ்வொரு எண்ணுக்கும் என்ன செய்ய வேண்டும் என்று கைப்பட ஒரு பட்டியல் எழுதித் தன் மேஜைக் கண்ணாடிக்கு அடியில் வைத்துக்கொண்டார்.

ஜூலை 20. நிஜமான நிலவு, நிஜமான ஆர்ம்ஸ்ட்ராங். இறங்கிக்கொண்டிருக்கும்போது 1202 என்று கத்தியது கணினி. பிறகு 1201. கார்மன் பட்டியலைப் பார்த்தார், பேல்ஸிடம் சொன்னார், பேல்ஸ் ‘போகலாம்’ என்றார். இறங்கினார்கள். இரண்டு வாரத்துக்கு முன் அந்த ஒத்திகை நடந்திராவிட்டால் பேல்ஸ் என்ன சொல்லியிருப்பார்? முதல் தடவை சொன்னதைத்தான் சொல்லியிருப்பார். நிறுத்துகிறவனின் தைரியமும் ஒரு படிப்புதான் என்று அந்தப் பதினைந்து நாள் காட்டுகிறது. எதற்கு நிறுத்த வேண்டும், எதற்கு நிறுத்தக்கூடாது என்று உட்கார்ந்து எழுதிவைத்தவன்தான் நிறுத்த உரிமை உள்ளவன்.

இனி, கேட்கக் கசப்பான பகுதி.

நம் நாட்டின் இருவர் அமெரிக்க ஷட்டிலில் பறந்திருக்க வேண்டியவர்கள். இஸ்ரோவின் விஞ்ஞானிகள், என்.சி. பட், பி. ராதாகிருஷ்ணன் நாயர். நம் இன்சாட்-1பி செயற்கைக்கோளை 1983 ஆகஸ்டில் சேலஞ்சர் ஷட்டில் கொண்டுபோய் விட்டது. அடுத்த இன்சாட்-1சி போகும்போது கூடவே ஓர் இந்தியரும் போவார் என்று ஏற்பாடு. 1985இல் இருவரைத் தேர்ந்தெடுத்தார்கள். ஒருவர் போக, மற்றவர் மாற்று ஆள். பயணம் 1986 செப்டம்பரில் என்று குறித்திருந்தது. முதல் இந்திய விண்வெளி வீரர் ராகேஷ் சர்மா பெயர் தெரியாத பள்ளிக்கூடப் பிள்ளை இல்லை. இந்த இருவர் பெயரை இங்கே எத்தனை பேர் கேட்டிருக்கிறீர்கள்?

1986 ஜனவரி 28இல் சேலஞ்சர் வெடித்தது. கிளம்பி 73ஆவது நொடி. ஏழு பேர் போனார்கள், பதினோராயிரம் விண்ணப்பங்களிலிருந்து தேர்வான பள்ளி ஆசிரியை ஒருவரும் அதில் இருந்தார். முதல் நாள் இரவு ஃப்ளோரிடாவில் தண்ணீர் உறையும் குளிர். பக்கவாட்டு ராக்கெட்டுகளைச் செய்த தயோகால் கம்பெனியின் பொறியாளர்கள், ரோஜர் பாய்ஸ்ஜாலி முதலானோர், ரப்பர் வளையங்கள் குளிரில் விறைத்துவிடும், 12 டிகிரிக்குக் கீழே அனுப்பாதீர்கள் என்று தொலைபேசிக் கூட்டத்தில் மணிக்கணக்காக மன்றாடினார்கள். கம்பெனி மேலதிகாரிகள் முதலில் ஒத்துக்கொண்டு, நாசா முகம் சுளித்ததும் மாற்றிக்கொண்டார்கள். ஃப்ளோரிடாவில் இருந்த அவர்களது பிரதிநிதி ஆலன் மெக்டொனால்டு அனுமதிக் காகிதத்தில் கையெழுத்துப் போட மறுத்தார். வேறொருவர் போட்டார். மறுநாள் கிளம்பும்போது வெப்பநிலை 2 டிகிரி.

ஷட்டில்கள் இரண்டரை வருடத்துக்கு மேல் நின்றன. இன்சாட்-1சி 1988 ஜூலையில் ஐரோப்பிய ஏரியன் ராக்கெட்டில் போனது. அந்த ராக்கெட்டில் மனிதனுக்கு இடம் கிடையாது. பட்டும் நாயரும் பறக்கவேயில்லை. இஸ்ரோவிலேயே வேலை பார்த்து ஓய்வு பெற்றார்கள். அமெரிக்காவில் யாரோ இருவர் சொன்னதை யாரோ இருவர் கேட்காததற்கு, பெங்களூரிலும் திருவனந்தபுரத்திலும் இருந்தவர்கள் விலை கொடுத்தார்கள்.

கல்பனா சாவ்லாவின் கதை உங்களுக்குத் தெரியும். கர்னாலில் பிறந்து, சண்டிகரில் விமானப் பொறியியல் படித்து, டெக்சஸ், கொலராடோ என்று போய், 1994 டிசம்பரில் தேர்வாகி, 1997இல் முதல் தடவை பறந்தார். அந்தப் பயணத்தில் ஒரு செயற்கைக்கோளைச் சரியாக விட முடியாமல் போனபோது முதல் பழி அவர் மேல் விழுந்தது. விசாரித்ததில் மென்பொருளிலும் தரைக் கட்டுப்பாட்டின் நடைமுறைகளிலும் குறைகள் இருந்தது தெரிந்து விடுவிக்கப்பட்டார். 2003 ஜனவரி 16இல் இரண்டாவது பயணம். கப்பல் கொலம்பியா, சந்திராவைச் சுமந்த அதே கொலம்பியா.

கிளம்பி 82ஆவது நொடியில் எரிபொருள் தொட்டியின் நுரைப்பூச்சில் ஒரு துண்டு பெயர்ந்து இடது இறக்கையில் மோதியது. மறுநாளே படம் பார்த்துக் கண்டுபிடித்துவிட்டார்கள். இறக்கை எப்படி இருக்கிறது என்று ராணுவச் செயற்கைக்கோள்களைக் கொண்டு படம் எடுத்துப் பார்க்கலாம் என்று ராட்னி ரோச்சா என்ற பொறியாளரும் அவரோடு வேறு சிலரும் கேட்டார்கள். ஒருமுறைக்கு மேல் கேட்டார்கள். தேவையில்லை என்று மேலே முடிவாயிற்று. கவலைப்பட ஒன்றுமில்லை என்று ஜனவரி 23இல் வீரர்களுக்கு மின்னஞ்சலும் போயிற்று. பிப்ரவரி 1ஆம் தேதி, இறங்கப் பதினாறு நிமிடம் இருக்கும்போது கொலம்பியா சிதறியது.

அமெரிக்காவை நான் இதற்காகத் திட்ட வரவில்லை. அவர்கள் அதன் பிறகு செய்த ஒரு காரியத்தைச் சொல்ல வந்தேன். இரண்டு விபத்துக்கும் வெளியாட்களைக் கொண்டு விசாரணை நடத்தி, முழு அறிக்கையையும் அச்சிட்டு ஊரறிய வைத்தார்கள். யார் என்றைக்கு என்ன சொன்னார், யார் கேட்கவில்லை என்பது வரை அதில் இருக்கிறது. சேலஞ்சர் விசாரணைக் குழுவில் இருந்த இயற்பியலாளர் ஃபைன்மன், விபத்து நேர வாய்ப்பு லட்சத்தில் ஒன்று என்று மேலதிகாரிகளும் நூற்றில் ஒன்று என்று பொறியாளர்களும் நம்பிக்கொண்டிருந்ததை எழுத்தில் போட்டார். கடைசியில் 135 பயணத்தில் இரண்டு கப்பல் போயிற்று. கொலம்பியா அறிக்கை, நுரைத்துண்டுக்கு எவ்வளவு பொறுப்போ அவ்வளவு பொறுப்பு நாசாவின் அலுவலகப் பழக்கவழக்கத்துக்கும் உண்டு என்று சொன்னது. தன்னையே இப்படி எழுதிக்கொள்ள ஓர் அரசாங்க அலுவலகத்துக்கு எவ்வளவு தெம்பு வேண்டும்!

அந்த எழுத்துக்குப் பலன் 2024இல் தெரிந்தது. சுனிதா வில்லியம்ஸும் புட்ச் வில்மோரும் எட்டு நாள் பயணமாக ஜூன் 5இல் போயிங்கின் ஸ்டார்லைனரில் போனார்கள். வழியில் ஹீலியம் கசிந்தது, சில உந்துகலன்கள் அணைந்தன. அதிலேயே திரும்பலாம் என்று போயிங் சொன்னது. நாசா பல வாரம் விவாதித்து, ஆகஸ்டில் வேண்டாம் என்று முடிவு செய்தது. ஸ்டார்லைனர் ஆளில்லாமல் வந்து பத்திரமாகவே இறங்கியது. பார்த்தீர்களா, வீணாகப் பயந்தார்கள் என்று பேசியவர்கள் உண்டு. ஓஸி ஃபிஷ் நிறுத்தியபோதும் கசிவு இல்லைதான். சுனிதா 286 நாள் கழித்து, 2025 மார்ச் 18இல் வேறு கலத்தில் வந்து சேர்ந்தார்.

கடைசியாக நம் மாநிலத்துக்காரர் ஒருவர். மாநிலம் என்று இரண்டையும் சேர்த்தே சொல்கிறேன். கன்னியாகுமரி மாவட்டம் மேலக்காட்டுவிளையில் பிறந்து, தமிழ் வழியில் பள்ளிப்படிப்பை முடித்து, இங்கே ஹவுராவிலிருந்து இரண்டு மணி நேரத்தில் போகும் கரக்பூர் ஐ.ஐ.டி.யில் 1989இல் கிரையோஜெனிக் பொறியியல் எம்.டெக். முதலிடத்தில் தேறி, பிறகு அங்கேயே டாக்டர் பட்டமும் வாங்கியவர் வி. நாராயணன். 2025 ஜனவரியிலிருந்து இஸ்ரோ தலைவர். அந்த ஜூனில் நம் நாட்டு விண்வெளி வீரர் சுபான்ஷு சுக்லா அமெரிக்க மண்ணிலிருந்து பன்னாட்டு நிலையத்துக்குக் கிளம்ப வேண்டியிருந்தது. தேதி நெருங்கிய நேரத்தில் ராக்கெட்டில் திரவ ஆக்சிஜன் கசிவு தெரிந்தது. திரவ ஆக்சிஜனோடும் ஹைட்ரஜனோடும் வாழ்நாளைக் கழித்த மனிதர் நாராயணன். தம் குழுவோடு அங்கேயே இருந்த அவர், அரைகுறையாகச் சமாளித்துக்கொண்டு பறக்க வேண்டாம், முழுதாகப் பழுதுபார்த்த பிறகே கிளம்ப வேண்டும் என்று இந்தியத் தரப்பு அழுத்திச் சொன்னதைப் பின்னர் வெளிப்படையாகவே கூறினார். ஜூன் 11 தள்ளிப்போனது. நிலையத்தின் ரஷ்யப் பகுதியில் வேறொரு கசிவு, மறுபடி தள்ளிப்போனது. ஜூன் 25இல் சுக்லா கிளம்பினார், ஜூலை 15இல் நல்லபடியாகத் திரும்பினார். மாற்று ஆளாகத் தயாராக நின்ற பிரசாந்த் நாயர் தரையிலேயே இருந்தார். நாயர் என்ற பெயருக்கும் காத்திருப்புக்கும் ஏதோ ராசி.

நம் ராக்கெட்டிலேயே மனிதரை அனுப்பும் ககன்யான் திட்டத்துக்கு நால்வர் தயாராகிறார்கள். அதில் அஜித் கிருஷ்ணன் சென்னையில் பிறந்தவர். அவர்களை ஏற்றப்போகும் எஞ்சின்களைத் திருநெல்வேலி மாவட்டம் மகேந்திரகிரியில் வைத்துத்தான் எரித்துப் பார்க்கிறார்கள். திட்டம் 2018இல் அறிவிக்கப்பட்டது, தேதி பலமுறை தள்ளிப்போய்விட்டது. அதைக் கேலி செய்து போடும் படங்கள் என் கைபேசிக்கும் வருகின்றன. தள்ளிப்போவதைப் பற்றி எனக்குக் கவலை இல்லை. என் கவலை வேறு. 2025 மே 18இல் பி.எஸ்.எல்.வி. சி-61 ராக்கெட் மூன்றாம் கட்டத்தில் தோற்று ஒரு செயற்கைக்கோள் வீணாயிற்று. ஆய்வுக் குழு போட்டார்கள். நெடுநாள் ஆகியும் அந்த அறிக்கையை மக்கள் பார்வைக்கு வைக்கவில்லை. ஆளில்லாத ராக்கெட்டுக்கே இப்படி என்றால், மனித உயிரைச் சுமக்கும் ராக்கெட்டில் நாளை ஒரு பொறியாளர் நிறுத்தச் சொன்னாரா, யார் கேட்டார், யார் கேட்கவில்லை என்று நமக்கு எப்படித் தெரியும்?

ஆகவே உங்களிடம் ஒரு வேண்டுகோள். இங்கே வாக்குரிமை உள்ளவர்கள் நிறையப் பேர் இருக்கிறீர்கள். உங்கள் தொகுதி நாடாளுமன்ற உறுப்பினர் எந்தக் கட்சிக்காரராக இருந்தாலும் சரி, ஒரு கடிதம் எழுதுங்கள். ககன்யானின் சோதனை முடிவுகளையும் தோல்வி அறிக்கைகளையும் வெளியிட வேண்டும் என்று அவையில் கேட்கச் சொல்லுங்கள். வங்காளத்தில் எழுதினாலும் சரி, தமிழில் எழுதினாலும் சரி. அடுத்த தடவை ககன்யான் தள்ளிப்போனது என்று செய்தி வரும்போது, ஏன் தள்ளிப்போனது என்று கேளுங்கள், எப்போது கிளம்பும் என்பதைப் பிறகு கேட்கலாம்.